அண்ணன் வராத அடக்கம்

ஓர் இடத்தில் உட்கார முடியாத மனிதனுக்கு டப்பிங் வசனம் எழுதும் வேலை ஒத்துவராது. எனக்கு ஐம்பத்தேழு வயதாகிறது, பதினெட்டு வருடமாக அதைத்தான் செய்துகொண்டிருக்கிறேன். செம்பூரில் ஒரு கட்டடத்தின் மூன்றாம் மாடியில், ஜன்னல் இல்லாத அறையில், காதில் ஹெட்போனை மாட்டிக்கொண்டு, திரையில் யாரோ வாயைத் திறந்து மூடுவதற்குள் அடங்குகிற தமிழை எழுத வேண்டும். பம்பாயில் தமிழ் பேசத் தெரிந்த பிள்ளைகள் ஏராளம். எழுதப் படிக்கத் தெரிந்தவர்கள் குறைந்துவிட்டதால் என் பிழைப்பு ஓடுகிறது.

போன மழைக்காலத்தில் ஒரு சீன வரலாற்றுத் தொடர் வந்தது. பழைய நாடுகள், அவற்றின் முதல் அரசர்கள், அவர்களுக்குப் பின் வந்த வம்சம் என்று ஒரு பகுதிக்கு ஒரு நாடு. கதை சொல்கிற குரல் ஒன்றுதான், வாயசைவுக்குப் பொருத்தும் தொல்லை கிடையாது. ஹிந்தி வசனத்தையும் இங்கிலீஷ் வசனத்தையும் பக்கத்தில் வைத்துக்கொண்டு தமிழ் எழுத வேண்டியதுதான். சுளுவான வேலை என்று சந்தோஷமாக வாங்கிக்கொண்டேன். நாலாவது பகுதி வூ என்கிற நாட்டைப் பற்றியது. அதில்தான் மாட்டிக்கொண்டேன்.

இதில் யார் பெயரையும் எழுதுவதில்லை என்று முடிவு செய்திருக்கிறேன். எங்கள் ஆட்கள் படித்தால் சண்டைக்கு வருவார்கள். மூவாயிரம் வருடத்துக்கு முந்தைய சீன அரசனுக்கும் அதே சலுகையைக் கொடுத்துவிடுகிறேன். அவன் பெயரை எழுதினாலும் நாம் உச்சரிக்கப்போவது தப்பாகத்தான் இருக்கும்.

கதை இதுதான். வடக்கே சோவ் என்ற குலத்துக்கு ஒரு தலைவன், அவனுக்கு மூன்று மகன்கள். கடைசி மகனுக்குப் பிறந்த பையன் கெட்டிக்காரன். அந்தப் பேரன் கைக்குக் குலம் வந்தால் பெரிதாக வரும் என்று கிழவனுக்கு ஆசை. வாய்விட்டுச் சொல்லவில்லை. மூத்தவன் குத்துக்கல் மாதிரி இருக்கும்போது கடைசிப் பிள்ளைக்கு எப்படிக் கொடுப்பது? ஆனால் மூத்தவனுக்குப் புரிந்துவிட்டது. அப்பாவுக்கு உடம்பு சரியில்லை, மூலிகை பறித்து வருகிறேன் என்று ஒரு சாக்குச் சொல்லி, அடுத்த தம்பியையும் கூட்டிக்கொண்டு தெற்கே போய்விட்டான். அங்கே இருந்த ஜனங்கள் முடியைக் கத்தரித்து, உடம்பில் பச்சை குத்திக்கொள்கிறவர்கள். இவனும் கத்தரித்துக்கொண்டான், பச்சை குத்திக்கொண்டான். அந்தக் கோலத்தில் இருக்கிறவன் முன்னோர் சடங்கில் முன்னால் நிற்க முடியாது. அதற்காகவே செய்துகொண்டான். ஆயிரம் குடும்பங்கள் அவனைத் தலைவனாக ஏற்றுக்கொண்டன. வூ நாட்டின் முதல் அரசன் அவன்தான்.

இதுவரைக்கும் நான் காபி குடித்துக்கொண்டேதான் எழுதினேன். அடுத்த பத்தியில் கிழவன் செத்துப்போகிறான். தகவல் தெற்கே போகிறது. மூத்தவன் அடக்கத்துக்கு வரவில்லை. வந்தால் ஐயோ பாவம் என்று யாராவது அவனை முன்னால் நிறுத்துவார்கள், முன்னால் நின்றவனுக்குத்தான் பட்டம் என்பது அங்கே வழக்கம். அதனால் வேண்டுமென்றே வராமல் இருந்தான், கடைசித் தம்பியே முன்னால் நின்று காரியம் செய்தான் என்று அவர்கள் மரபில் ஒரு கூற்று உண்டாம். நான் ஹெட்போனைக் கழற்றி மேஜையில் வைத்தேன். எழுந்து மாடிப்படியில் இறங்கி, ஏறி, மறுபடி இறங்கினேன். வாட்ச்மேன் என்ன தொலைந்துபோயிற்று என்று கேட்டார்.

எங்கள் அப்பாவின் அடக்கத்துக்கும் மூத்தவன் வரவில்லை. இருபத்திரண்டு வருடமாகிறது.

எங்கள் வீட்டில் நாங்கள் இரண்டே ஆண்பிள்ளைகள். என்னைவிட அண்ணனுக்கு ஆறு வயது கூடுதல். அப்பா திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து வந்து மில்லில் வேலை பார்த்தவர். தாராவியில் ஓர் அறை, அதன் தலைமேல் இரும்பு ஏணி வைத்து ஏறுகிற ஒரு பரண். கீழே அப்பாவும் அண்ணனும் அவர் மனைவியான மைனியும் படுப்பார்கள், அம்மா முன்னமே போய்விட்டாள். பரணில் நானும் என் மனைவியும் மகளும். அண்ணனுக்குப் பிள்ளை இல்லை. என் மகள் நாலு வயதிலேயே பைபிளில் எந்த அதிகாரத்தைக் காட்டினாலும் தடுக்காமல் படிப்பாள். அப்பாவுக்கு அதில் தாங்க முடியாத பெருமை. மில் பஞ்சு நெஞ்சில் ஏறி இழுத்து இழுத்து மூச்சு விடுகிற மனிதர், அவள் படிக்கும்போது மட்டும் இருமலை அடக்கிக்கொள்வார். இவள் மாட்டுங்காவில் காலேஜ் படிக்கணும், இந்த வீட்டைவிட்டு நகரக் கூடாது என்பார். யாரிடமும் சொல்கிற மாதிரி இருக்காது, சுவரைப் பார்த்துச் சொல்வார். அண்ணன் அப்போது செருப்பைத் துடைத்துக்கொண்டிருப்பார்.

அதற்கடுத்த வருடம் அண்ணனும் மைனியும் அம்பர்நாத்துக்குப் போனார்கள். ஃபாக்டரி ஷிஃப்ட் ஒத்துவரவில்லை, பக்கத்திலேயே இருந்தால் தேவலை என்று காரணம். போவதற்கு முன்னால் அண்ணன் தானே ரேஷன் ஆபீசுக்குப் போய், வரிசையில் நின்று, வீட்டுக் கார்டிலிருந்து தன் பெயரையும் மைனி பெயரையும் வெட்டிவிட்டு வந்தார். தாராவியில் அது சின்ன விஷயமில்லை. ஊரில் போய் உட்கார்ந்துவிட்டவன்கூட இங்கே கார்டில் பெயரை விடமாட்டான். செத்தவன் பெயரையே வெட்டாத வீடுகள் எங்கள் சந்தில் உண்டு. அங்கே புதுக் கார்டு போடத்தான் இங்கே வெட்டுகிறார் என்று நான் நினைத்துக்கொண்டேன். அப்படி நினைப்பது எனக்கு வசதியாக இருந்தது.

மூன்று வருடம் கழித்து ஒரு விடியற்காலையில் அப்பா இறந்துபோனார். அண்ணன் வீட்டுப் பக்கத்தில் ஒரு போன் இருந்தது, அதில் தகவல் சொன்னோம். அடக்க ஆராதனைக்கு மதியம் நேரம் குறித்தார்கள். அண்ணன் வரவில்லை. மறுபடி போன் போட்டால், ஏழு மணிக்கே கிளம்பிவிட்டார் என்றார்கள். பாதிரியார், நாங்கள் ஐயர் என்போம், ஒரு மணி நேரம் பொறுத்துப் பார்த்தார். மழை இருட்டிக்கொண்டு வந்தது. கல்லறைத் தோட்டத்தில் பெட்டியை இறக்கியதும் முதல் பிடி மண்ணை மூத்த மகன் போட வேண்டும். ஐயர் சுற்றிப் பார்த்துவிட்டு என்னை அழைத்தார். நான் போட்டேன்.

குழியை மூடி, மேலே பூ வைத்து, எல்லாரும் குழாயடியில் கைகழுவிக்கொண்டிருக்கும்போது அண்ணன் வந்தார். ட்ரெயின் லேட்டு என்றார். எங்கள் சொந்தத்தில் ரயில்வேயில் இருந்த ஒருவர், இன்றைக்கு சென்ட்ரல் லைனில் ஒரு வண்டியும் லேட் இல்லையே என்று அங்கேயே சாட்சி சொன்னார். எனக்குத் தலைக்கு ஏறிவிட்டது. ஐயர், சபை ஜனங்கள், மைனி எல்லார் முன்னாலும் கத்தினேன்.

"பெத்த அப்பனுக்கு ஒரு பிடி மண்ணு போட வரத் துப்பில்ல. நீயெல்லாம் ஒரு மூத்தவனா?"

அண்ணன் குழாயில் கையை நனைத்துக்கொண்டார், மண்ணே படாத கை. அதற்கப்புறம் கல்யாணங்களில் பார்த்துக்கொண்டோம், சாப்டாச்சா என்று கேட்டுக்கொண்டோம். அவ்வளவுதான் பேச்சு. என் மகள் அப்பா ஆசைப்பட்டபடியே மாட்டுங்காவில் படித்தாள், இப்போது கல்யாணமாகி கோபர்கைரனேயில் இருக்கிறாள். அவள் கல்யாணத்துக்கு அண்ணன் மராட்டிக் கிழவர்கள் மாதிரி பைஜாமாவும் வெள்ளைத் தொப்பியுமாக வந்தார். எங்கள் ஆட்கள் ஒருவரை ஒருவர் இடித்துச் சிரித்தார்கள். நானும் சிரித்தேன்.

இப்போது தாராவியை இடித்துக் கட்டப்போகிறார்கள், வீட்டுக்கு வீடு கணக்கெடுக்கிறார்கள் என்பது எல்லாருக்கும் தெரியும். எங்கள் அறையின் பழைய தாள்கள் அப்பா பெயரில் இருக்கின்றன. மூத்த வாரிசு தனக்கு ஆட்சேபணை இல்லை என்று கையெழுத்துப் போட்டுத் தந்தால் பிற்பாடு வில்லங்கம் வராது என்று தாள் எழுதிக் கொடுக்கிறவர் சொன்னார். அவரே டைப் அடித்தும் கொடுத்தார். அண்ணனுக்குப் பிள்ளைகள் உண்டா என்று கேட்டார். இல்லை என்றேன். "அப்போ டென்ஷன் இல்ல" என்றார். அவர் மண்டையில் ஒன்று போடலாமா என்று வந்தது.

தாளைப் பையில் வைத்துக்கொண்டு மூன்று வாரம் அலைந்தேன். என் மனைவி தினமும் கேட்டாள், நான் தினமும் ஞாயிற்றுக்கிழமை என்றேன். அந்த மூன்று வாரத்தில்தான் இந்த வூ நாடு வந்து சேர்ந்தது. கையெழுத்தைப் பற்றி எனக்கு ஒரு பயமே இல்லை, கேட்டால் அண்ணன் போட்டுவிடுவார். அன்றைக்கு அவர் வேண்டுமென்றேதான் வராமல் இருந்தாரா? அதைக் கேட்க வேண்டும். ஆமாம் என்று சொல்லிவிட்டால், எல்லார் முன்னாலும் நான் கத்தியதை என்ன செய்வது? கேட்காமலே கையெழுத்தை வாங்கிவந்தால் நான் எப்படிப்பட்டவன்?

ஒரு சாயங்காலம் வேலை முடிந்து மாட்டுங்காவில் மனைவி சொன்ன காபிப்பொடி வாங்கப் போனவன், வாங்காமல் கிங்ஸ் சர்க்கிளைச் சுற்ற ஆரம்பித்தேன். ஒரு சுற்று, இரண்டு சுற்று. வட்டமான இடத்தில் நடந்தால் எங்கும் போய்ச் சேர வேண்டியதில்லை. பூக்காரம்மா நாலாவது சுற்றில் என்னை நிறுத்தி, "அண்ணா, யாரைத் தேடுறீங்க?" என்றாள். அந்த ராத்திரிச் சாப்பாட்டின்போது மனைவி காபிப்பொடியைக் கேட்டாள். நான் எரிந்து விழுந்தேன்.

வேலையிலும் சண்டை. தமிழ் எப்போதும் நீண்டுவிடும், நேரத்துக்குள் அடங்காது. எங்கள் மேற்பார்வைப் பெண், என் மகள் வயதுதான் இருக்கும், அடக்கத்துக்கு வராத பகுதியை வெட்டச் சொன்னாள்.

"அங்கிள், அந்த ராஜாக்கு ஒரு பச்சா, ஒரு குழந்தை கூட கிடையாது. அவனுக்கப்புறம் தம்பிதானே ராஜா? ஸ்ட்ரெய்ட்டா தம்பி லைனுக்குப் போயிடலாம்."

அவள் சொன்னது உண்மைதான். வூ நாட்டின் வம்சம் முதல் அரசனுடையது அல்ல, அவனோடு கிளம்பிப்போன அடுத்த தம்பியின் வம்சம். பத்தொன்பது தலைமுறை வரிசையாகப் பெயர் சொல்கிறார்கள், எல்லாம் தம்பி வழி. பெயர்களை வேண்டுமானால் வெட்டு, அடக்கத்தைத் தொட்டால் நான் வேலையை விட்டுவிடுவேன் என்றேன். அந்தப் பெண் பயந்துபோய் எனக்குத் தண்ணீர் எடுத்துக் கொடுத்தாள். பத்தொன்பது பெயரில் பதினாலை நானே வெட்டினேன்.

அடுத்த ஞாயிறு ஆராதனை முடிந்ததும் சயானில் வண்டி ஏறினேன். அம்பர்நாத் ஸ்டேஷனில் இறங்கி, கேட்டுக் கேட்டுப் போக வேண்டியிருந்தது. இருபத்தைந்து வருடத்தில் அண்ணன் வீட்டுக்கு நான் இரண்டு தடவைதான் போயிருக்கிறேன். அவர் இருக்கிற சாளின், வரிசை வீட்டுக் கட்டடத்தின், பெயரைச் சொன்னேன், யாருக்கும் தெரியவில்லை. மதராசி, வெள்ளைத் தொப்பி போட்டிருப்பார் என்றதும் ஒரு ஆட்டோக்காரர், "தாதாவா?" என்று, மராட்டியில் அண்ணனை அப்படித்தான் சொல்வார்கள், கேட்டு வாசலிலேயே கொண்டுபோய் விட்டார்.

அண்ணன் வாசலில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்திருந்தார். முன்னால் நாலு பேர் காகிதங்களோடு நின்றார்கள். ஒரு பெண்ணின் ஆஸ்பத்திரிச் சீட்டைப் படித்து மராட்டியில் ஏதோ அதட்டினார், அவள் சரி தாதா, சரி தாதா என்றாள். பக்கத்துக் கட்டடத்து ஆட்கள் தண்ணீர்ச் சண்டைக்கு நியாயம் கேட்டு வந்திருந்தார்கள். நான் பின்னால் வரிசையில் நிற்கிற மாதிரி நின்றேன். வடக்கே சோவ் குலம் பெரிய சாம்ராஜ்யமான பிறகு, போனவர்களின் வாரிசுகள் எங்கே கஷ்டப்படுகிறார்களோ, தேடிப் பிடித்து ஏதாவது கொடுக்கலாம் என்று ஆள் அனுப்பினார்களாம். போய்ப் பார்த்தால் அவர்கள் ஏற்கெனவே அங்கே அரசர்கள். அந்த வரியை நான் முந்தின வாரம்தான் எழுதியிருந்தேன்.

"ஏலே, நீயா? அங்ஙன என்ன நிக்க, உள்ள வா" என்றார் அண்ணன்.

உட்கார்ந்து தண்ணீர் குடிக்கும் முன்னாலேயே தாளை எடுத்துக் கொடுத்துவிட்டேன். படபடப்பு அப்படி. அண்ணன் கண்ணாடியைக்கூட எடுக்கவில்லை.

"எங்க போடணும்?"

"படிச்சுப் பாருண்ணே."

"என்னத்தப் படிக்க. எங்கன்னு காட்டு."

காட்டினேன். போட்டார். உன் பெயரையும் சேர்த்தே எழுதிக் கொடுக்கிறேன், பாதி உனக்கு என்றேன். வண்டியில் வரும்போது நினைத்துக்கொண்டு வந்ததுதான், ஆனால் கையெழுத்து வாங்கிய பிறகு சொன்னால் அது எப்படி இருக்கும் என்று சொன்ன பிறகுதான் உறைத்தது. அண்ணன் சிரித்தார். "வெட்டுன பேரு வெட்டுனதுதாம்லே" என்று சொல்லிவிட்டு, மீன் வாங்கிவருகிறேன் என்று பையை எடுத்துக்கொண்டு போனார்.

மைனி அரிசி களைந்துகொண்டிருந்தாள். நான் அறைக்குள்ளேயே நடந்தேன். நாலு எட்டில் முடிந்துபோகிற அறை. அவளால் பொறுக்க முடியவில்லை.

"என்ன கொழுந்தனாரே, இருப்புக்கொள்ளாம அலையுதீய?"

கேட்டுவிட்டேன். அப்பா அடக்கத்துக்கு அண்ணன் ஏன் வரவில்லை, உள்ளதைச் சொல்லுங்கள் என்றேன். மைனி களைந்த தண்ணீரைக் கொட்டினாள். கையைத் துடைத்துக்கொண்டு என் பக்கம் திரும்பினாள்.

"வராம எங்க? நாங்க ரெண்டு பேரும் ஒண்ணாத்தான் வந்தோம். என்னைய உங்ககூட அனுப்பிட்டு, கல்லறை வாசலுக்கு எதுத்த டீக்கடையில அவிய உக்காந்துட்டாவ. பெட்டி உள்ள போறத பாத்துக்கிட்டேதான் இருந்தாவ. 'நான் வந்து நின்னா ஐயரு என்னையத்தான் முதல்ல கூப்பிடுவாரு. அப்புறம் வீடு மூத்தவனுக்குத்தானன்னு நாலு பேரு பேசுவான். அப்பா மனசுல இருந்தது அது இல்ல'ன்னு சொன்னாவ. மூச்சு விடக் கூடாதுன்னு எங்கிட்ட சத்தியம் வாங்கிட்டாவ. நீங்க அங்க வச்சுப் பேசுன பேச்சுக்கு, நான் வாயத் தொறந்திருப்பேன். அவிய பாத்த பார்வைல அடங்கிட்டேன். வீட்டுக்கு வந்து ரெண்டு நாளு பச்சத் தண்ணி குடிக்கல."

அன்றைக்கு மைனி எங்களோடுதான் இருந்தாள், ஏழு மணிக்குக் கிளம்பியவர்களில் ஒருத்தி வந்து சேர்ந்துவிட்டாளே, மற்றவர் எங்கே என்று நாங்கள் ஒருவரும் கேட்கவில்லை. பின்னால் வருகிறார் என்று அவள் சொன்னதும் விட்டுவிட்டோம். கத்துவதற்குத் தோதாக ஒரு குற்றவாளி கிடைத்துவிட்டான். இருபத்திரண்டு வருடம் அவரை நான் துப்பில்லாதவர் என்று நினைத்திருந்தேன். அவர் கொடுத்த வீட்டில் உட்கார்ந்துகொண்டு நினைத்தேன். மைனி முன்னால் அழுதுவிட்டேன். அவள் உலையில் அரிசியைப் போட்டாள்.

அண்ணன் வந்தார், மீன் பொரித்தார்கள், சாப்பிட்டோம். என் மகளைப் பற்றிக் கேட்டார், பேரனைப் பற்றிக் கேட்டார். பேரன் தமிழ் படிக்கிறானா என்றார். பேசுவான், படிக்க வராது என்றேன். சாப்பாட்டின்போது நான் இரண்டு தடவை ஆரம்பித்தேன், இரண்டு தடவையும் மீனில் முள் பார்த்துச் சாப்பிடு என்றார். நாலு மணிக்கு ஸ்டேஷனுக்கு அவரும் கூட வந்தார். வழியெல்லாம் ஆட்கள் நிறுத்தி நிறுத்திப் பேசினார்கள். பிளாட்பாரத்துப் பெஞ்சில் உட்கார்ந்தபோதுதான் தனியாகக் கிடைத்தார். வண்டி வர எட்டு நிமிடம் என்று போர்டில் இருந்தது.

"அண்ணே, அப்பா அடக்கத்தன்னைக்கு நீ எதுத்த டீக்கடையிலதான் இருந்தியாமே."

தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டார். "அவ வாயில ஒண்ணும் நிக்காது."

"நான் அத்தன பேரு முன்னாடி உன்னப் பேசுனது தப்புண்ணே. என்னைய மன்னிச்சுக்கோ."

"அத விடுலே. வைதா என்ன, நீ வையணும்னுதான நான் லேட்டா வந்தேன்."

அவ்வளவு லேசாகச் சொல்லிவிட்டார். எனக்கு ஒரு பாரம் இறங்கிய மாதிரிதான் இருந்தது. வண்டி முந்தின ஸ்டேஷனைத் தாண்டிவிட்டதாக அறிவிப்பு வந்தது. அண்ணன் தொப்பியின் மடிப்பை நீவிக்கொண்டே இருந்தார்.

"உங்கிட்ட ஒண்ணு கேக்கணும்னு ரொம்ப நாளா இருக்கேன். அங்க இருந்து பாத்தா பெட்டி வரைக்கும்தான் தெரிஞ்சுது. குழி தெரியல. முத மண்ண நீ எங்கனலே போட்ட? மொகத்துக்கு நேராவா, காலுக்கு நேராவா?"

"ஏண்ணே?"

"அப்பாக்கு மூச்சு முட்டும்லா. மொகத்துல போட்டிருப்பியோன்னு ஒரு இது. மத்தவனுவ எங்க போட்டா என்ன, முத மண்ணு மொகத்துல விழுந்திருக்கக் கூடாது."

யோசித்துப் பார்த்தேன். மழை இருட்டு, ஐயரின் குடை, ரயில்வே சொந்தக்காரரின் செருப்பில் அப்பிய சேறு எல்லாம் நினைவு வந்தது. மண் விழுந்த இடம் வரவில்லை. வரவே வராது. மண்ணைப் போட்டபோது நான் குழியைப் பார்க்கவில்லை. அண்ணன் வருகிறாரா, வந்தால் என்ன கேட்பது என்று வாசலையே முறைத்துக்கொண்டு, கையில் இருந்ததைக் குருட்டாம்போக்கில் வீசினேன்.

"காலுக்கு நேராத்தாம்ணே போட்டேன்" என்றேன்.

அண்ணன் நெஞ்சு இறங்க மூச்சு விட்டார்.

"நல்லா செஞ்சலே" என்று என் தோளில் கைவைத்தார். "நான் நின்னாலும் அங்கனதான் போட்டிருப்பேன்."